ஜெசிக்கு உடைந்தது படகெலும்பு

மாதா கோயில் திருவிழாவின் கடைசி நாள். பெண்களுக்கான மியூசிக்கல் சேர் போட்டியில் மிச்சமிருந்தது ஒரே ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. அதைச் சுற்றி ஓடிக்கொண்டிருந்தவர்கள் இருவர். ஒருத்தி ஜெசி. இன்னொருத்தி அடுத்த தெரு ரீனா, கல்யாண வீடியோ எடுக்கும் சார்லியின் மனைவி. ஊரே சுற்றி நின்று கை தட்டியது. பாட்டு சட்டென்று நின்றது.

இருவரும் ஒரே நேரத்தில் பாய்ந்தார்கள். ஜெசி உட்கார்ந்தாள். குறைந்தபட்சம் தான் உட்கார்ந்துவிட்டதாகத்தான் இன்றுவரை அவள் சொல்கிறாள். அதே நொடியில் ரீனாவின் இடுப்பு பக்கவாட்டில் வந்து மோதியது. நாற்காலியின் கால் மடங்கியது. ஜெசி வலது உள்ளங்கையை ஊன்றிக்கொண்டு தரையில் போய் விழுந்தாள்.

பங்குச் சாமியார் ஜெசிதான் ஜெயித்தாள் என்று தீர்ப்புச் சொன்னார். அவள் எழுந்து போய் மேடையேறி, பரிசாகக் கொடுத்த சில்வர் குடத்தை வாங்க வலது கையை நீட்டினாள். குடம் கைக்கு வந்தது, கையில் நிற்கவில்லை. நழுவி விழுந்து மேடையில் உருண்டது. அப்போதுதான் மணிக்கட்டில் ஏதோ ஆகிவிட்டது என்று அவளுக்குத் தெரிந்தது.

ஜெசிக்கு அப்போது வயது முப்பத்து மூன்று. ஆரணியில் ஒரு பட்டுச்சேலைக் கடையில் விற்பனைப் பெண். விலங்கியல் பட்டம் வாங்கிய கையோடு கல்யாணம், அதற்குப் பிறகு இந்தக் கடை. களம்பூர் அரிசி மில்லில் லாரி ஓட்டும் வின்சென்ட் அவள் கணவன். கடையில் அவளுக்கென்று ஒரு பேர் இருந்தது. மடித்த சேலையை எடுத்து ஒரே வீச்சில் விரித்தால் முந்தானை சரியாக வாடிக்கையாளரின் மடியில் போய் விழும். விழுந்த பிறகு பிடிக்கவில்லை என்று சொல்ல மனசு வராது. அந்த வீச்சு முழுக்க வலது மணிக்கட்டில்தான் இருந்தது.

மறுநாள் காலையில் எலும்பு டாக்டர் தென்னரசு எக்ஸ்ரேவை வெளிச்சத்தில் மாட்டிப் பார்த்தார். "படத்துல ஒண்ணும் தெரியலம்மா" என்றார். வின்சென்ட் பெருமூச்சு விட்டான். டாக்டர் ஜெசியின் கட்டைவிரலை விரித்துப் பிடித்து, அதன் அடியில் விழுந்த சின்னக் குழியில் தன் விரலை வைத்து மெல்ல அழுத்தினார். ஜெசி நாற்காலியை விட்டே எழுந்துவிட்டாள்.

"அப்ப கட்டுப் போட்டுடலாம்" என்றார் டாக்டர்.

"படத்துல ஒண்ணுமில்லன்னு இப்பதானே சார் சொன்னீங்க" என்றான் வின்சென்ட்.

"இந்த எலும்பு அப்படிங்க. உடைஞ்சாலும் மொத படத்துல ஒளிஞ்சிக்கும். ரெண்டு வாரம் போனாத்தான் முகத்தக் காட்டும். அது வரைக்கும் படத்த நம்ப வேணாம், வலிய நம்பலாம்."

கட்டைவிரலையும் சேர்த்து மாவுக்கட்டுப் போட்டு அனுப்பினார். ரெண்டு வாரம் கழித்து எடுத்த படத்தில், அவர் சொன்ன இடத்திலேயே, மயிர் போல ஒரு கோடு. டாக்டருக்கு அதைப் பார்த்ததும் ஒரு சந்தோஷம். நோயாளிக்கு எலும்பு உடைந்ததில் டாக்டருக்கு என்ன சந்தோஷம் என்று வின்சென்ட் முறைத்தான். ஜெசி முறைக்கவில்லை. அவள் எழுந்து டாக்டரின் தோள் பக்கம் போய் நின்று, "எங்க சார், எங்க?" என்று எட்டிப் பார்த்தாள்.

அவள் கேட்ட விதத்தில் டாக்டருக்கும் உற்சாகம் வந்துவிட்டது. மருந்துச் சீட்டைத் திருப்பிப் போட்டு வரைய ஆரம்பித்தார். "மணிக்கட்டுன்னா ஒரு எலும்புன்னுதான் எல்லாரும் நெனச்சிகினு இருக்காங்க. எட்டு எலும்புமா. கூழாங்கல்லு மாதிரி ரெண்டு வரிசையா அடுக்கி வச்சிருக்கு. இது படகு மாதிரி இருக்குதா, இதான் உங்களுக்கு உடைஞ்சது. பக்கத்துல பிறை. அப்பறம் முக்கோணம். அது மேல ஒட்டிகினு இருக்கே, அது பட்டாணி. கீழ் வரிசைல கடைசியா இருக்கறது கொக்கி."

படகு, பிறை, பட்டாணி, கொக்கி. ஜெசி மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டாள். தன் கைக்குள் இத்தனை பொருள் இருப்பது முப்பத்து மூன்று வருஷமாகத் தனக்குத் தெரியாமல் போயிற்றே என்று அவளுக்குச் சிரிப்பாக வந்தது. கல்லூரியில் தவளையின் எலும்புக்கூட்டை வரைந்து பேர் எழுதியபோது வந்த அதே குறுகுறுப்பு. பத்து வருஷத்துக்கு மேலாக அதை மறந்தே போயிருந்தாள்.

"ஆனா ஒண்ணு" என்றார் டாக்டர். "இந்தப் படகுக்கு ரத்தம் விரல் பக்கத்துலேருந்து உள்ள வந்து பின்னாடி போகுது. நடு இடுப்புல உடைஞ்சா பின்பாதிக்கு ரத்தம் போறது கஷ்டம். ஒட்ட மாசக்கணக்காகும். கட்ட நனைக்காம, பிரிக்காம இருந்தீங்கன்னா ஒட்டிடும். சில பேருக்கு ஒட்டறதே இல்ல. அப்பறம் ஆபரேஷன் பண்ணி ஸ்குரூ போடணும்."

வீட்டுக்குத் திரும்புகையில் வின்சென்ட் ஸ்குரூவை நினைத்துக் கவலைப்பட்டான். ஜெசி பட்டாணியை நினைத்து வியந்துகொண்டு வந்தாள்.

ஒற்றைக் கையோடு கடைக்குப் போய் என்ன செய்வது? முதலாளி, கை சரியான பிறகு வரச் சொல்லிவிட்டார். வீட்டில் சும்மா இருக்க அவளுக்குத் தெரியாது. ஒரு நாள் மருந்து வாங்கப் போனவள், செல்போன் கடைக்கு மேலே தொங்கிய பலகையைப் படித்தாள். மெடிக்கல் கோடிங் பயிற்சி, உயிரியல் படித்தவர்கள் வரலாம் என்று போட்டிருந்தது. அந்தப் பலகையின் கீழே எத்தனையோ தடவை போயிருக்கிறாள். அன்றைக்குத்தான் படி ஏறினாள்.

மேலே ஒரே ஒரு அறை. வகுப்பெடுப்பவள் மணிமேகலை, ஜெசியைவிடப் பத்து வயது சின்னவள். சென்னையில் ஒரு கம்பெனியில் கோடராக இருந்துவிட்டு ஊருக்கு வந்து இதைத் தொடங்கியிருந்தாள். மாவுக்கட்டோடு வந்து நின்றவளைப் பார்த்து, "வாங்கக்கா, உக்காருங்க" என்று நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

"கோடிங்னா இன்னாங்க மேடம்?" என்றாள் ஜெசி.

"அமெரிக்கால ஒருத்தர் ஆஸ்பத்திரிக்குப் போனா, அவருக்கு இன்ன வியாதின்னு டாக்டர் எழுதி வைப்பாரு. அத நாம படிச்சு, எழுத்தும் நம்பருமா மாத்தித் தரணும். இன்சூரன்ஸ்காரங்களுக்கு அந்தக் கோடு இருந்தாத்தான் புரியும். உலகத்துல இருக்கற எல்லா வியாதிக்கும், எல்லாக் காயத்துக்கும் ஒரு கோடு உண்டு."

ஜெசி தன் மாவுக்கட்டை மேஜைமேல் தூக்கி வைத்தாள். "என் கைக்கும் இருக்குதா?"

மணிமேகலை ஒரு கணம் அவளைப் பார்த்தாள். பிறகு செங்கல் கனத்தில் ஒரு புத்தகத்தை எடுத்து அவள் முன்னால் வைத்தாள். "நீங்களே தேடுங்க. நான் வழி மட்டும் காட்டறேன். மொதல்ல, காயம்னா எஸ். எந்த இடம்?"

"மணிக்கட்டு."

"அங்க எலும்பு உடைஞ்சா அறுபத்திரண்டு. எந்த எலும்பு?"

"படகு" என்றாள் ஜெசி. மணிமேகலைக்கு விளங்கவில்லை. "படகு மாதிரி இருக்குமாமே. கட்டைவெரலுக்குக் கீழ."

"ஓ, ஸ்கேஃபாய்டு. அதுக்குப் பூஜ்யம். இப்ப படகுல எந்தப் பக்கம்? முனையா, நடுவா, பின்னாடியா?"

ஜெசி பக்கத்தின்மேல் குனிந்தாள். புத்தகம் தன்னைத்தான் கேட்கிறது என்று தோன்றியது. நடு என்றாள். அதற்கு இரண்டு. எலும்பு விலகிப் போச்சா, விலகாம இருக்கா? விலகவில்லை. வலதா, இடதா? வலது. அதற்கு நான்கு. ஒவ்வொரு கேள்விக்கும் பதில் சொல்லச் சொல்ல, அந்தப் பெரிய பக்கத்தில் இருந்த நூற்றுக்கணக்கான வரிகள் ஒவ்வொன்றாகக் கழன்று விழுந்து, கடைசியில் ஒரே ஒரு வரி மிஞ்சியது. இடது கை விரலால் அந்த வரியைத் தொட்டாள். உலகத்தில் வேறு எந்த எலும்புக்கும், வேறு எந்த முறிவுக்கும் இல்லாத, தன்னுடைய முறிவுக்கே உரிய ஒரு வரி.

"இன்னும் ஒரு எழுத்து பாக்கி" என்றாள் மணிமேகலை. "சிகிச்சை நடந்துகினு இருந்தா ஏ. கட்டுப் போட்டு ஆறிகினு வந்தா டி. ஒட்டாமப் போனா கே."

கே என்ற எழுத்தை ஜெசி இன்னொரு முறை சொல்லிப் பார்த்தாள். டாக்டர் சொன்ன ஸ்குரூ அதுதான்.

அன்று மாலையே வகுப்பில் சேர்ந்துவிட்டாள். வீட்டுக்கு வந்ததும், மாவுக்கட்டின்மேல் கறுப்பு ஸ்கெட்ச் பேனாவால் S62.024A என்று எழுதச் சொல்லி வின்சென்ட்டிடம் கையை நீட்டினாள். அவன் எழுதிக் கொடுத்தான். மில்லுக்கு அவனைப் பார்க்கப் போனபோது அங்கிருந்த டிரைவர் அருள்தாஸ் அதைப் படித்துவிட்டு, "இன்னாம்மா, புது வண்டி நம்பரா? எந்த ஊரு ரெஜிஸ்ட்ரேஷன்?" என்று கேட்டான். கட்டு மாற்றப் போன அன்று டாக்டர் தென்னரசு அதைப் பார்த்துவிட்டுச் சிரித்த சிரிப்பில் நர்ஸ் உள்ளே ஓடி வந்தாள். "இன்சூரன்ஸ் பேப்பர்ல பார்த்திருக்கேன். கட்டுமேல இப்பதான் பாக்கறேன்" என்றவர், புதுக் கட்டில் தானே பேனா வாங்கி அதே கோட்டை எழுதி, கடைசியில் ஏ-யை மாற்றி டி போட்டார்.

வகுப்பில் அவளைத் தவிர எல்லோரும் கல்லூரி முடித்த கையோடு வந்த பெண்கள். அக்கா, அக்கா என்று சுற்றிக்கொண்டார்கள். கட்டுப் போட்ட கை அவர்களுக்கு ஒரு பாடப்புத்தகம். உடைந்தது எந்த எலும்பு என்று மட்டுமில்லை, எப்படி உடைந்தது என்பதற்கும் தனியாக ஒரு கோடு உண்டு என்று மணிமேகலை சொல்லிக்கொடுத்த அன்று வகுப்பே இரண்டாகப் பிரிந்துவிட்டது.

"ஜெசி அக்காது நாற்காலிலேருந்து விழுந்தது. டபிள்யூ ஏழு" என்றது ஒரு கட்சி.

"இல்ல, இன்னொருத்தர் மேல மோதி விழுந்தாங்க. டபிள்யூ மூணு" என்றது இன்னொரு கட்சி.

"ரெண்டுத்துக்கும் வித்தியாசம் கீதாடி?" என்று ஜெசி கேட்டாள்.

"இருக்குதுக்கா. நாற்காலிலேருந்து விழணும்னா மொதல்ல நீங்க அதுல உக்காந்திருக்கணும்" என்றாள் ஒருத்தி.

ஜெசி நிமிர்ந்து உட்கார்ந்தாள். "உக்காந்தேன். நல்லாத்தான் உக்காந்தேன். ஏழு போடுங்க."

விஷயம் எப்படியோ ரீனாவின் காதுக்குப் போய், அவள் மறுநாள் வகுப்புக்கே படியேறி வந்துவிட்டாள். "மேடம், அவ உக்காரவே இல்ல. மோதினதுதான். மூணு போடுங்க" என்றாள் மணிமேகலையிடம். சிரித்துச் சிரித்துப் பெண்களுக்குக் கண்ணில் நீர் வந்தது. டாக்டர் எழுதியதைத்தான் கோடர் எழுத வேண்டும், நாமாக எதையும் சேர்க்கக்கூடாது, டாக்டர் 'கீழே விழுந்தார்' என்று மட்டும்தான் எழுதியிருப்பார் என்று மணிமேகலை சொல்லி வழக்கைத் தள்ளுபடி செய்தாள். ரீனா போகும்போது ஜெசியின் கட்டைத் தொட்டுப் பார்த்து, "வலிக்குதா?" என்று கேட்டாள். இல்லையென்றாள் ஜெசி. அதிலிருந்து இருவரும் பேசிக்கொள்ள ஆரம்பித்தார்கள்.

கிறிஸ்துமஸுக்கு முந்தைய வாரம் கட்டைப் பிரித்தார்கள். கை வெளுத்து, மெலிந்து, யாருடைய கையோ போல இருந்தது. படத்தை டாக்டர் வெளிச்சத்தில் மாட்டுவதற்குள் ஜெசி முன்னால் போய் நின்றாள். முறிவுக் கோட்டைத் தேடினாள். அது இருந்த இடத்தில் லேசான வெண்மை மட்டும் இருந்தது.

"ஒட்டிடுச்சு" என்று அவளே சொன்னாள். டாக்டர் தலையாட்டினார். வெளியே வந்ததும் வின்சென்ட்டின் கையைப் பிடித்துக்கொண்டு, "கே இல்லங்க, கே இல்ல" என்று அவள் சொல்லிக்கொண்டே வந்ததைப் பார்த்து, ஆஸ்பத்திரி வாசலில் பூ விற்றவளுக்கு ஒன்றும் புரியவில்லை.

பொங்கலுக்குப் பிறகு கடைக்குத் திரும்பினாள். காலையில் கடை, சாயங்காலம் வகுப்பு. சேலை விரிக்கும் வீச்சு கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி வந்தது. ஆனால் மனசு வேறெங்கோ இருந்தது. வளையல் குலுங்க முந்தானையைத் தடவிப் பார்க்கும் மணிக்கட்டுகளைப் பார்த்தால், அவளுக்குத் தோலுக்குள்ளே எட்டு எலும்பும் தெரிந்தன.

சான்றிதழ்த் தேர்வு ஆடி மாதத்தில் ஒரு வெள்ளிக்கிழமை வந்தது. வீட்டிலிருந்தே கம்ப்யூட்டரில் எழுதலாம், புத்தகங்களையும் பார்க்கலாம். ஆனால் எங்கோ இருந்து ஒருவர் கேமரா வழியாகப் பார்த்துக்கொண்டே இருப்பார். அறையில் வேறு ஆள் இருக்கக்கூடாது. வேறு சத்தமும் வரக்கூடாது.

ஜெசி குடியிருந்தது நெசவாளர் தெரு. இரண்டு பக்கத்து வீட்டிலும் தறி. பக்கத்து வீட்டு சுப்பராயலுவிடம் முன்கூட்டியே கேட்டு வைத்திருந்தாள். "அன்னிக்குத் தறிய ஓட்டல. பாவு நூல் பிணைக்கிற வேலைய வச்சிக்கறேன். நீ நிம்மதியா எழுதும்மா" என்று அவர் சொல்லியிருந்தார். மறு பக்கத்து வீட்டிலும் சரியென்றார்கள். ஆக, அந்தக் காலையில் தறிகளெல்லாம் ஓய்ந்து, தெரு அவளுக்காக வாயை மூடிக்கொண்டிருந்தது. புத்தகங்களை அடுக்கி, லேப்டாப்பைத் திறந்து வைத்து, சிலுவை போட்டுக்கொண்டாள்.

அப்போதுதான் தெருமுனை அம்மன் கோயிலில் குழாய் ஸ்பீக்கர் முழங்கியது. அன்று கூழ் வார்க்கிறார்கள். இத்தனை ஏற்பாடு செய்தவளுக்கு அது மட்டும் நினைவுக்கு வராமல் போயிற்று.

வின்சென்ட் ஓடினான். கோயில் ஆட்கள் நல்லவர்கள். விஷயத்தைக் கேட்டதும் ஸ்பீக்கரை நிறுத்திவிட்டார்கள். அவன் நன்றி சொல்லித் திரும்புவதற்குள், பம்பையும் உடுக்கையுமாகக் கரகம் தெருவுக்குள் திரும்பியது.

"அண்ணே, பாட்ட நிறுத்தலாம். ஆத்தாள எப்படிண்ணே நிறுத்தறது?" என்றார் விழாக் குழுக்காரர், உண்மையான வருத்தத்தோடு.

ஜெசி வாசலில் வந்து நின்றாள். தேர்வு தொடங்க இன்னும் கொஞ்ச நேரம்தான். தாமதமானால் உள்ளேயே விட மாட்டார்கள். மறுபடியும் எழுத எப்போது வாய்க்குமோ.

கூழ் வாங்கச் சொம்போடு வந்திருந்த ரீனா அவள் முகத்தைப் பார்த்துவிட்டு நின்றாள். "இன்னாடி ஆச்சு?"

ஜெசி சொன்னாள்.

"இதுக்கா பேஜாராவற? எங்க வூட்டுக்காரு ஸ்டூடியோல டப்பிங் ரூம் ஒண்ணு கீது. செவுரு பூரா ஸ்பாஞ்சு. உள்ள உக்காந்தா வெளிய வெடி வெடிச்சாலும் கேக்காது. நெட்டும் கீது. ஜல்தி கிளம்பு." ஒரு அடி வைத்தவள் நின்றாள். "சாவிதான் அவருகிட்ட கீது. அவரு நம்ம கோயில்ல கல்யாணம் எடுத்துகினு இருக்காரு."

ஆடியில் மண்டபம் சுலபமாகக் கிடைக்கும் என்று அந்த வெள்ளிக்கிழமையில் கல்யாணம் வைத்திருந்த குடும்பம் அது. வின்சென்ட் வண்டியை எடுத்தான். புத்தகப் பையை மடியில் அணைத்துக்கொண்டு ஜெசி பின்னால் ஏறினாள். ரீனா தன் ஸ்கூட்டியில், காலடியில் லேப்டாப் பையும் கொக்கியில் கூழ்ச் சொம்புமாகத் தொடர்ந்தாள். கரகத்துக்கு வழிவிட்டு ஒதுங்கி, சந்து வழியாகப் புகுந்து, காய்கறி வண்டிகளுக்கு நடுவே வளைந்து, மாதா கோயில் பக்கவாசலில் போய் நின்றார்கள்.

உள்ளே மோதிரம் மாற்றும் நேரம். பீடத்தின் அருகே சார்லி ஒரு கண்ணை மூடிக் கேமராவில் ஒன்றிப் போயிருந்தான். வின்சென்ட் வாசலில் நின்று, சாவி திருகுவதுபோல விரலால் காட்டினான். சார்லி தன் பைக் வழியை மறித்து நிற்கிறது என்று நினைத்துக்கொண்டு, பொறு என்று கையசைத்தான். மறுபடி காட்டினான். மறுபடி அதே கையசைப்பு. ஜெசிக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது.

ரீனா தலையில் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டாள். ஓர வழியாக நேரே நடந்தாள். சபை முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்க, பீடத்துக்கு ஒரு முழங்கால் போட்டு வணங்கி, எழுந்து, புருஷனின் பேன்ட் பாக்கெட்டில் கையை விட்டுச் சாவியை எடுத்துக்கொண்டு வந்த வழியே திரும்பினாள். சார்லியின் கேமரா அசையவில்லை. ஆனால் மறுபக்கம் அவனுடைய உதவியாள் வைத்திருந்த இரண்டாவது கேமராவில் எல்லாம் பதிவாகிவிட்டது. மணமக்கள் அந்தத் துண்டை வெட்ட வேண்டாம் என்று சொல்லிவிட்டார்களாம்.

டப்பிங் அறை சின்னது. மின்விசிறி சத்தம் போட்டதால் அதையும் அணைத்துவிட்டார்கள். கதவைச் சாத்தியதும் உலகமே இல்லாததுபோல ஓர் அமைதி. தன் நெஞ்சு அடிப்பது ஜெசிக்குக் கேட்டது. லேப்டாப்பைத் திறந்து உள்ளே நுழைந்தாள். நேரத்துக்குள் வந்துவிட்டாள். அறையைச் சுற்றிக் காட்டச் சொல்லித் திரையில் ஆங்கிலத்தில் எழுத்து ஓடியது. லேப்டாப்பைத் தூக்கி மெல்ல ஒரு சுற்றுச் சுற்றினாள்.

எழுத்து நின்றது. பிறகு வந்தது: 'அறையில் இருக்கும் மற்ற இருவரையும் தயவுசெய்து வெளியே அனுப்புங்கள்.'

ஜெசி திடுக்கிட்டுத் திரும்பினாள். மூலையில், ஆளுயர கட்அவுட்டாக ஒரு மாப்பிள்ளையும் பெண்ணும் கைகோத்தபடி சிரித்துக்கொண்டு நின்றார்கள். ஏதோ வரவேற்பு முடிந்து சார்லி கொண்டு வந்து சாத்தி வைத்தது. அவர்கள் அட்டை என்று தட்டச்சு செய்தாள். அட்டையானாலும் வெளியே போக வேண்டும் என்று பதில் வந்தது. கதவைத் திறந்து, மாப்பிள்ளையை முன்னால் சாய்த்து, பெண்ணை நிலைப்படியில் இடிக்காமல் வளைத்து, இருவரையும் வெளியே தள்ளினாள். வெளியே காவலுக்கு உட்கார்ந்திருந்த ரீனா ஒன்றும் கேட்காமல் வாங்கிப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டாள்.

அதற்குப் பிறகு நேரம் போனதே அவளுக்குத் தெரியவில்லை. இருதயம், நுரையீரல், சர்க்கரை, பிரசவம் என்று கேள்விகள் வந்துகொண்டே இருந்தன. வியர்வை புருவத்தில் வழிந்தது. சில கேள்விகளுக்கு இரண்டு விடைகள் ஒன்று போலவே இருந்தன. புத்தகத்தைப் புரட்டினாள், திரும்பினாள், மறுபடி புரட்டினாள். பாதி தாண்டிய பிறகு ஒரு கேள்வி. சைக்கிளிலிருந்து விழுந்த ஒரு இளைஞன். இடது மணிக்கட்டு, படகெலும்பு, நடுப்பகுதி. மாதங்கள் கழித்துத் திரும்ப வந்திருக்கிறான். எலும்பு சேரவில்லை.

நான்கு விடைகளும் கடைசி எழுத்தில் மட்டும்தான் வேறுபட்டன. புத்தகம் தேவைப்படவில்லை. கே. அதை அழுத்துவதற்கு முன் ஒரு கணம் அவள் விரல் நின்றது. முகம் தெரியாத அந்தப் பையனின் கட்டைவிரலடிக் குழியில் யாரோ விரலை வைத்து அழுத்துவது தன் கையில் வலித்தது. ஸ்குரூ போட்டுச் சரியாகிவிடும் என்று அவனுக்கு மனசுக்குள் சொல்லிவிட்டு அழுத்தினாள். அதற்கப்புறம் பயம் போய்விட்டது. மிச்சக் கேள்விகள் ஒவ்வொன்றும் ஒரு ஆள்தான் என்று தோன்றிவிட்டது. எங்கே வலிக்கிறது, எந்தப் பக்கம், எப்போதிலிருந்து என்று ஒவ்வொருவரையும் கேட்டுக் கேட்டு எழுதிக்கொண்டே போனாள்.

கதவைத் திறந்து வெளியே வந்தபோது, படிக்கட்டில் அட்டை மாப்பிள்ளைக்கும் அட்டைப் பெண்ணுக்கும் நடுவில் ரீனா உட்கார்ந்திருந்தாள்.

"எழுதிட்டியா?"

"எழுதிட்டேன்."

"இந்தா, குடி." கூழ்ச் சொம்பை நீட்டினாள். ஜெசி நின்றபடியே அண்ணாந்து குடித்தாள். அன்று காலையிலிருந்து அவள் வயிற்றில் ஒன்றும் இறங்கியிருக்கவில்லை.

முடிவு வந்த நாளில் அவள் கடையில் இருந்தாள். பக்கத்து ஊர் சந்தவாசலிலிருந்து கல்யாணச் சேலை எடுக்க ஒரு குடும்பமே வந்து ஜமக்காளத்தில் உட்கார்ந்திருந்தது. அரக்கு நிறத்தில் ஒரு சேலையை எடுத்து விரிக்கப் போகையில் இடுப்பிலிருந்த போன் அதிர்ந்தது. எடுத்துப் பார்த்தாள். மணிமேகலை ஒரே ஒரு வார்த்தை அனுப்பியிருந்தாள்: பாஸ். ஜெசி சேலையை வீசினாள். அது மணப்பெண்ணின் மடியைத் தாண்டி, பின்னால் உட்கார்ந்திருந்த பெண்ணின் அத்தை தலையில் போய் விழுந்தது.

"மன்னிச்சிக்குங்கம்மா. பரீட்சைல பாஸாயிட்டேன்" என்றாள்.

அத்தை முந்தானையை விலக்கி எட்டிப் பார்த்தாள். "இந்த வயசுலயா? நல்லா இரும்மா" என்றாள். பிறகு கையிலிருந்ததைத் தடவிப் பார்த்து, "சேல நல்லாத்தான் இருக்குது, இதையே பாத்துடலாம்" என்றாள். முதலாளி எல்லோருக்கும் காபி சொன்னார்.

சென்னைக் கம்பெனி ஒன்று அவளை எடுத்துக்கொண்டது. மூன்று மாதம் அங்கே போய்த் தங்கிப் பயிற்சி, பிறகு வீட்டிலிருந்தே வேலை. எலும்பு முறிவுப் பிரிவைத் தானாகக் கேட்டு வாங்கிக்கொண்டாள். முதல் சில வாரம் ஒவ்வொரு கோடும் சரிபார்ப்பவரிடமிருந்து திரும்பி வந்துகொண்டிருந்தது. வலதை இடதாகப் போட்டுவிடுவாள், விலகிய எலும்பை விலகாததாக எழுதிவிடுவாள். ஒவ்வொரு தவறும் வரும்போது அன்று முழுக்கச் சாப்பாடு இறங்காது. மெல்ல மெல்ல அது குறைந்தது. இப்போது சுப்பராயலு வீட்டுத் தறிச் சத்தத்தோடு சத்தமாக அவள் விசைப்பலகையும் ஓடுகிறது. பரீட்சையைப் போல இந்த வேலையில் யாரும் சத்தத்தைக் காது வைத்துக் கேட்பதில்லை.

ஜனவரி மாதத்தில் ஒரு காலை. வின்சென்ட் லோடுக்குக் கிளம்பிச் சட்டை போட்டுக்கொண்டிருந்தான். ஜெசி திரையில் அன்றைய முதல் நோயாளியைத் திறந்தாள். மணிக்கட்டு முறிவு. இரண்டாவதும் மணிக்கட்டு. மூன்றாவது மணிக்கட்டு, முழங்கை. எல்லாம் அமெரிக்காவில் ஒரே ஊர், ஒரே ஆஸ்பத்திரி. எல்லோரும் உள்ளங்கையை ஊன்றி விழுந்தவர்கள். அஞ்சல்காரர், பள்ளி வாத்தியார், நாயைக் கூட்டிக்கொண்டு நடந்த ஒரு அம்மாள். அத்தனை பேருக்கும் டாக்டர்கள் ஒரே காரணத்தை எழுதியிருந்தார்கள். அதற்கான கோட்டை அவள் புத்தகத்தில் படித்ததோடு சரி, இதுவரை ஒரு முறைகூட எழுதியதில்லை. பனியிலும் உறைபனியிலும் வழுக்கி விழுதல்.

"ஏங்க, இங்க வாங்களேன்" என்று கூப்பிட்டாள்.

அவன் பொத்தானைப் போட்டுக்கொண்டே வந்து குனிந்து பார்த்தான். திரையில் எழுத்தும் நம்பரும்தான் இருந்தன. "இன்னா இது?"

"பனி பேஞ்சிருக்குதுங்க. ஊரு பூரா. ரோடெல்லாம் கண்ணாடி மாதிரி ஆயிருக்கும். காலைல கதவத் தொறந்துகினு வேலைக்குக் கிளம்பியிருக்காங்க, ஒவ்வொருத்தரா விழுந்திருக்காங்க."

அப்படி ஒரு பனியை அவளும் பார்த்ததில்லை, அவனும் பார்த்ததில்லை. வின்சென்ட் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் அந்த நம்பர்களையே பார்த்தான். "எல்லாருக்கும் படகா?"

"இல்லங்க. இவருக்குப் பிறை. இந்தம்மாவுக்கு முக்கோணம். வாத்தியாருக்குத்தான் படகு." அவள் நாற்காலியை முன்னுக்கு இழுத்துக்கொண்டாள். "நீங்க கிளம்புங்க. இன்னும் நெறைய பேரு காத்துகினு இருக்காங்க."